அவள் என்ன சொல்கிறாள்

வண்ணாரப்பேட்டையில் அந்த இந்திப் படம்
மூன்று வாரம் ஓடியது, காலைக்காட்சி மட்டும்.
பாஷை தெரிந்தவர்கள் பத்துப் பேர் இருந்திருப்பார்கள்.
சௌகார்பேட்டையிலிருந்து ரிக்‌ஷாவில் வந்து
பால்கனிக்கு ஏறிப் போனவர்கள்.
கீழே நாங்கள்.
அழவேண்டிய இடம் எதுவென்று
மேலேயிருந்து கேட்கும் மூக்குறிஞ்சலை வைத்துத்தான்
தெரிந்துகொண்டோம்.

எனக்குப் பத்தொன்பது.
எம்.சி. ரோட்டு மாடியொன்றில்
சட்டைக்குக் காஜா எடுத்துக்கொண்டிருந்தேன்.
ஏகாம்பரம் தங்கசாலைத் தெருவில்
சேட்டு கிடங்கில் பேல் தூக்கினவர்.
"இந்தியா? நமக்குத் தண்ணி பட்ட பாடு" என்றார்.
நம்பினேன்.
படம் நெடுக என் காதுக்குள்ளேயே இருந்தார்.

அவள் மரவாடிக்காரர் மகள்.
அவன் பாலம் கட்ட வந்தவன்.
பனி கொட்டிக்கொண்டே இருக்கிற ஊர்.
(நான் பார்த்த பனியெல்லாம்
காசிமேட்டில் மீன்மேல் நொறுக்கிக் கொட்டுவதுதான்.)
யாரோ கடிதத்தை மறைக்கிறார்கள்,
யாரோ நெருப்பில் போடுகிறார்கள்,
கடைசியில் அவள் காய்ச்சலில் கிடக்கிறாள்.
அவன் கதவைத் தள்ளிக்கொண்டு வருகிறான்,
தோளெல்லாம் வெள்ளை.
அவள் உதடு அசைகிறது.
மூன்று நான்கு வார்த்தை இருக்கும்.
பால்கனி மொத்தமும் உடைகிறது.

"இன்னாவாம்?"

கொஞ்சம் தாமதித்துத்தான் சொன்னார்:
"இந்த ஜென்மத்துக் கணக்கு பாக்கி நிக்குது,
அடுத்ததுல வந்து தீக்குறேங்கிறா."

அந்த ஒரு வரிக்காக அவரைக் கட்டிக்கொண்டேன்.

படத்தில் இருவரும் செத்தார்கள்.
நாங்கள் கொருக்குப்பேட்டை கேட்டில்
கூட்ஸ் வண்டி போகட்டும் என்று நின்றோம்.
லாரித் தண்ணீருக்கு நின்றோம்.
பேல் தூக்கிய இடுப்பு அவருக்கு விட்டுப்போனது.
குடித்துவிட்டு வந்த ராத்திரிகளில்
முதுகைக் காட்டிப் படுத்தபடி
பாக்கி, பாக்கி என்று முணுமுணுப்பேன்.
மறுநாள் தோசை வார்க்க அது போதுமாயிருந்தது.

போன வாரம் சுகந்தி
அந்தப் படத்தைப் போனில் எடுத்துக் கொடுத்தாள்.
அடியில் தமிழ் எழுத்து ஓடியது.
மரவாடி வந்தது, பாலம் வந்தது, பனி வந்தது.
அவன் கதவைத் தள்ளினான்.
அவள் உதடு அசைந்தது.

*கதவைச் சாத்து. குளிர்கிறது.*

பின்னால் இழுத்துப் பார்த்தேன்.
கதவைச் சாத்து.
மறுபடி இழுத்தேன்.
குளிர்கிறது.

நாற்பத்தாறு வருஷம்!
போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு
வெந்தயக்கீரை ஆய உட்கார்ந்தேன்.
ஆய ஆயத் தோன்றியது,
சாகிறவள் ஜென்மத்தைப் பற்றியா பேசுவாள்?
ஸ்டான்லியில் என் அம்மா கடைசியாகச் சொன்னது
'ஃபேனைக் குறை.'
படம் எடுத்தவனுக்குத் தெரிந்திருக்கிறது.

அப்புறம் இவருடைய வரி.
கஜக்கணக்கும் வசவும் தவிர
வேறு இந்தி அறியாத மனுஷனுக்கு
அந்த இருட்டில் அது எங்கிருந்து வந்தது?
எனக்கென்று கோத்ததா,
வேறெந்தப் படத்திலாவது சுட்டதா?

கேட்டேன்.
"எந்தப் படம்?" என்றார்.
"இன்டர்வல்ல கரண்டு போயி
அரை டிக்கெட்டு காசு திருப்பிக் குடுத்தானே, அதுவா?"
அது வேறு படம்.
அந்தத் தியேட்டர் இருந்த இடத்தில்
இப்போது டூவீலர் நிறுத்துகிறார்கள்.

சத்தத்தை அணைத்தேன்.
எழுத்தையும் எடுக்கச் சொன்னேன் சுகந்தியை.
அவர் முகத்துக்கு நேரே பிடித்தேன்.
கதவு திறந்தது, பனி, உதடு.
"இப்ப சொல்லு. இன்னா சொல்றா?"

கண்ணாடியை மூக்கில் ஏற்றினார்.
கொஞ்சம் தாமதித்தார்,
அன்றைக்கு மாதிரியே.

"சாப்பாட்டுக்கு முந்தி போடுற மாத்திரையப்
போட்டியான்னு கேக்குறா."